இறக்கு என்று சொல்லும் வரை

ஐப்பசி 4, செவ்வாய்

விடிந்ததிலிருந்து தூறல். மலை தெரியவில்லை. மேகம் அடிவாரத்து முந்தல் வரைக்கும் இறங்கிக் கிடக்கும் போல. இன்றைய சோலி: ஒன்றும் இல்லை. நேற்றும் இல்லை, நாளையும் இல்லை.

கால் கட்டுக்குள் அரிப்பு. ராசிங்காபுரத்து முறிவு வைத்தியர் மூங்கில் பத்தை வைத்து, முட்டை வெள்ளையும் உளுத்தமாவும் குழைத்துப் பூசி, துணி சுற்றி இறுக்கியிருக்கிறார். மாவு காய்ந்து கல்லாகிவிட்டது. காற்று நுழையாது, எறும்பு மட்டும் நுழையும். விளக்குமாற்றுக் குச்சியை விட்டுச் சொறிந்தேன். பேச்சி பிடுங்கிக்கொண்டாள். என் சம்சாரம்தான். ஆனால் இந்த மாசம் ஜெயில் வார்டர்.

கூரை ஒழுகும் இடத்துக்கெல்லாம் பெயர் வைத்தாயிற்று. தலைமாட்டில் சொட்டுவது மண்டிக் கணக்குப்பிள்ளை. ஓயவே ஓயாது. (அந்த ஆள் இனி க.பி. முழுப் பெயர் எழுதிப் பென்சிலைத் தேய்ப்பானேன்.)

பென்சில், சாக்கில் மார்க்கு போடுவது. அன்றைக்கு மடியில் இருந்தது, காலோடு சேர்ந்து நொறுங்காமல் தப்பித்தது. நாலாவது படித்ததற்கு இப்போதாவது பலன். பேச்சிக்கு எழுத்து தெரியாது, கைக்குழந்தைக்கும் தெரியாது. ஆகவே யாரையும் திட்டலாம்.

ஏலக்காய் மண்டி பக்கத்துத் தெரு. சத்தம் எல்லாம் இங்கே வருகிறது. மூட்டையோடு ஆள் உள்ளே போனால் க.பி. பார்த்துவிட்டு "எறக்கு" என்பார். அந்த வார்த்தை வரும் வரைக்கும் இறக்கக் கூடாது. முதுகு ஒடிந்தாலும் நிற்க வேண்டியதுதான். அதற்கு முன்னே மூட்டை விழுந்து கிழிந்தால் நட்டம் சுமைக்காரனுக்கு. அதற்குப் பின்னே என்ன ஆனாலும் மண்டிக்கு. எங்கள் அப்பன் காலத்திலிருந்து இதுதான் வழக்கம். இன்றைக்கு மதியம் வரைக்கும் "எறக்கு, எறக்கு" என்று கேட்டுக்கொண்டே கிடந்தேன். ஒவ்வொரு தடவையும் என் தோள் தானாக ஒரு பக்கம் சாய்கிறது. மூட்டை இல்லாமலே.

சாயங்காலம் கஞ்சி. துவையலில் உப்பு இல்லை. சொன்னேன். "எந்திரிச்சு வந்து போட்டுக்க" என்றாள். பிறகு அவளே அழுதாள்.

ஐப்பசி 5, புதன்

மழை விட்டது. ஈரவிறகு. வீடு முழுக்கப் புகை.

முதலாளியே வந்தார்! ஆள் அனுப்பவில்லை, நேரில். வில்வண்டி தெருவுக்குள் நுழைய இடமில்லாமல் முனையில் நின்றது. தெருவே வேடிக்கை. பின்னால் க.பி., கையில் பித்தளைத் தட்டு: வேட்டி துண்டு, தேங்காய், வெற்றிலை பாக்கு, மஞ்சள் துணியில் முடிந்த ரூபாய்.

முதலாளி கட்டிலருகில் நின்று, "எப்படிப்பா இருக்க வீரணா" என்றார். பெயர் ஞாபகம் வைத்திருக்கிறார். எழுந்து நிற்க முடியவில்லையே என்றுதான் அப்போது வருத்தம். அந்தச் சமயத்தில் வேறு எதுவும் புத்தியில் ஏறவில்லை.

பேச்சி முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு இரண்டு கையாலும் தட்டை வாங்கினாள். சாமானை எடுத்து வைத்துக்கொண்டு, தட்டைத் திருப்பிக் கொடுத்தாள். வந்த பாத்திரத்தை வெறுமையாக அனுப்புகிற வீடு எங்கள் பக்கம் கிடையாது. வீட்டில் என்ன இருக்கிறது? பானையிலிருந்து ஒரு கை அரிசியை அள்ளித் தட்டில் போட்டுக் கொடுத்தாள்.

க.பி. அந்த அரிசியைப் பார்த்தார். முதலாளியைப் பார்த்தார். சிரித்த மாதிரி இருந்தது.

தேங்காயை மத்தியானமே உடைத்துக் குழம்பு. நல்ல தேங்காய்.

ஐப்பசி 6, வியாழன்

வெயில். கொசு.

க.பி. தனியாக வந்தார். வாசலிலேயே நின்று, தெருவுக்கே கேட்கிற குரலில்: "என்ன வீரணா, மொதலாளி மனசு வச்சுட்டாரு. தட்டு மாத்தியாச்சு. இனிமே கால் விஷயமா மண்டிப் பக்கம் பேச்சு வரக் கூடாது. கால் சரியாச்சுன்னா வா, மூட்டை இருக்கு."

"சரியாகலைன்னா?"

"அதான் தட்டு மாத்தியாச்சேப்பா."

போய்விட்டார். அப்புறம்தான் எனக்கு உறைத்தது. நிச்சயத்துக்குத் தட்டு மாற்றுகிறோம். மாடு வாங்கினால், வயல் வரப்புச் சண்டை தீர்ந்தால், தட்டு மாற்றுகிறோம். கொடுத்தவர் தட்டில் நம்ம வீட்டுப் பொருள் ஏறி அந்தப் பக்கம் போய்விட்டால் பேச்சு முடிந்தது. சாமி முன்னால் சத்தியம் செய்த மாதிரி. ஒரு கை அரிசியில் என் காலைக் கொடுத்துவிட்டாள்.

கத்தினேன். என்னென்ன சொன்னேன் என்று எழுத மாட்டேன். அவள் குழந்தையைத் தூக்கிக்கொண்டு கொல்லைப் பக்கம் போய்விட்டாள். வெகுநேரம் வரவில்லை. நொண்டிக்குக்கூடக் கோபம் வந்தால் எழுந்து வெளியே போக முடியும். எனக்கு அதுவும் இல்லை. சுவரைப் பார்த்துத் திரும்பிப் படுக்கக்கூட இந்தக் கட்டு விடாது.

காலையில் வைத்தியர் வந்து சொன்னதை இப்போது எழுதுகிறேன். காலையில் எழுத மனசு வரவில்லை. எலும்பு கூடும். முழங்கால் மடங்காது. நடக்கலாம், கம்பு ஊன்றி. மூட்டை தூக்குவது?

"அதை மறந்துரு அப்பு."

ஐப்பசி 7, வெள்ளி

தூக்கமே இல்லை. அன்றைக்கு நடந்தது திரும்பத் திரும்ப.

மலையிலிருந்து பொதிமாட்டில் வந்த ஏலக்காய். முந்தலில் இறக்கி, புது லாரியில் ஏற்றினோம், நானும் மாயாண்டியும். சின்ன வயசிலிருந்து ஒரே கூட்டு. அவன் ஒரு பக்கம் பிடித்தால் மறு பக்கம் நான். லாரி கொள்ளாத லோடு. கயிறு பத்தவில்லை. இன்னொரு கயிறு வரட்டும் என்றேன். க.பி. அங்கேதான் குடை பிடித்து நின்றார்: "கயிறுக்குக் காத்திருந்தா இருட்டிரும். வீரணா, நீ ஏறி மேல உக்காந்துக்க. உன் கனத்துக்கு மூட்டை அசையாது." ஏறி உட்கார்ந்தேன். என்னைக் கயிறாக வைத்துக் கட்டினார்கள். அவ்வளவுதான்.

பாலத்துத் திருப்பத்தில் சேறு. லாரி ஒரு பக்கம் வழுக்கியது. மூட்டைகளோடு நானும். பக்கப் பலகை முழங்கால் மேல். ஏலக்காய் வாசனை. அவ்வளவு வாசனை. இப்போதும் அந்த வாசனை வந்தால் வாந்தி வருகிறது. இந்த ஊரில் அந்த வாசனை இல்லாத இடம் எங்கே?

மண்டியில் இப்போது சொல்வது: வீரணன் சவாரிக்கு ஆசைப்பட்டு ஏறினான். யாரும் ஏறச் சொல்லவில்லை.

க.பி. ஏறச் சொன்னதை மாயாண்டி கேட்டான். அவன் காதில் விழுந்தது. ஆனால் மாயாண்டி வரவில்லை. முதல் வாரம் தினம் வந்தான், காலைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தான். தட்டு மாற்றிய பிறகு நிழல்கூட இந்தப் பக்கம் இல்லை. நன்றி கெட்ட பயல்.

பேச்சியோடு பேச்சு இல்லை. "கஞ்சி", "ம்" மட்டும்.

ஐப்பசி 8, சனி

பொழுதெல்லாம் மூட்டம், மழை வரவில்லை.

பேச்சி ஒரு காரியம் செய்தாள். பெரியகுளத்து வக்கீல் ஒருவரின் குமாஸ்தா நிலச் சோலியாக எங்கள் தெருவுக்கு வந்திருக்கிறார். இவள் தண்ணீர்க்குடத்தோடு வழியை மறித்துக் கூட்டிக்கொண்டே வந்துவிட்டாள். ஒல்லி ஆசாமி. மூக்குப்பொடி. கட்டிலில் உட்காரச் சொன்னோம், நின்றுகொண்டே பேசினார்.

"புதுசா ஒரு சட்டம் வந்துருக்கு. வேலையில கை கால் போனா மொதலாளி நஷ்டஈடு கட்டணும். லாரிக் கூலிக்கு அது பொருந்துமான்னு எங்க வக்கீலுக்கே சந்தேகம்தான். மனுப் போட்டுப் பாத்தாத்தான் தெரியும்."

பேச்சி கேட்டாள்: "தட்டு மாத்தியாச்சுங்கிறாகளே?"

"சட்டத்துக்கு வெத்தலையும் தெரியாது, அரிசியும் தெரியாது ஆத்தா. சாட்சிதான் தெரியும். மேல உக்காரச் சொன்னதைக் கேட்டவன் ஒருத்தன் வந்து சொல்லணும். இருக்கானா?"

"இருக்கான்," என்றேன். "மாயாண்டின்னு."

"அவனைக் கூட்டிட்டு வா. இல்லாட்டி இந்தப் பொடிச் செலவுக்குக்கூட ஆகாது." பொடியை உறிஞ்சிவிட்டுப் போனார்.

பேச்சி மாயாண்டி வீட்டுக்குப் போனாள். திரும்பி வந்து அவன் சொன்னதை அப்படியே சொன்னாள்: "தட்டு மாத்தின பேச்சுக்கு மேல நான் எப்படித்தா சாட்சி சொல்லுவேன்? கூட்டத்துல என்னைச் சேப்பாங்களா? எம்பிள்ளைகளுக்கு யாரு கஞ்சி ஊத்துறது?"

நியாயம்தான். முடிந்த பேச்சைக் கிளறுகிறவனோடு எங்கள் சுமைக்காரர் எவனும் மூட்டை தூக்க மாட்டான். நானும் தூக்க மாட்டேன். அவன் இடத்தில் நான் இருந்தால் என்ன செய்திருப்பேன்? தெரியவில்லை. அதனால் கோபம் இன்னும் அதிகம்.

ஐப்பசி 9, ஞாயிறு

மத்தியானம் கண் அயர்ந்தேன். விழித்தால் கால்மாட்டில் ஒரு கம்பளி. கறுப்பு, புதுசு, ஆட்டு நாற்றம்.

"ஏது?"

"கங்காணி குடுத்தாரு."

கங்காணி மலைத் தோட்டத்துக்கு ஆள் பிடிக்கிறவர். கம்பளியை வாங்கினால் மலை ஏற ஒப்புக்கொண்டதாக அர்த்தம். வியாழக்கிழமை விடிகாலை கூட்டம் கிளம்புகிறது. காய் பறிப்பு முடிகிற வரைக்கும் அங்கேதான். தை கடந்துதான் இறக்கம்.

"குழந்தை?"

"பால்குடிப் பிள்ளையை உன்கிட்டயா விட்டுட்டுப் போவேன்? முதுகுல கட்டிக்கிறேன்."

எங்கள் மூத்தவன் மலையில்தான் போனான். காய்ச்சல். ஏலச்செடி நிழலில் துணித் தொட்டில் கட்டித் தூங்க வைத்தாள், சாயங்காலம் உடம்பு கொதித்தது, நான் முந்தலிலிருந்து ஏறிப் போய்ச் சேர்வதற்குள் முடிந்துவிட்டது. அப்போது சொன்னாள், இனி அந்த மலையை நிமிர்ந்துகூடப் பார்க்க மாட்டேன் என்று. பார்க்கவும் இல்லை. துணி காயப்போடும்போதுகூட முதுகைக் காட்டிக்கொண்டுதான் காயப்போடுவாள்.

"போகாத பேச்சி."

"வேற என்ன வழி? சொல்லு, செய்யிறேன்." கம்பளியை மடித்துக்கொண்டே: "அந்த அரிசி... எனக்குத் தோணவே இல்லய்யா. வெறும் தட்டா எப்படிக் குடுக்கிறதுன்னுதான்."

தெரியும். எனக்குத் தெரியும். அந்த நேரத்தில் வேறு யாராக இருந்தாலும் அதைத்தான் செய்திருப்பார்கள், என் அம்மாவாக இருந்தாலும். சொல்ல நினைத்தேன். "கம்பளி நாறுது" என்றுதான் வாயில் வந்தது.

பயமாக இருக்கிறது. எழுதிவிட்டேன், அவ்வளவுதான்.

ஐப்பசி 10, திங்கள்

கவனிக்க வேண்டியவை:
ஓலை நாலு, கூரைக்கு.
வைத்தியருக்கு முட்டை.
மூப்பரைப் பார்ப்பது. இன்றைக்கே.

மூப்பர் என்பவர் சுமைக்காரர் கூட்டத்துக்குத் தலைவர். நான் போக முடியாது, அவர் வந்தார். வெற்றிலையை இடித்து வாயில் அதக்கிக்கொண்டு எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டார். கடைசியில் எச்சிலைத் துப்பிவிட்டு:

"மாத்துன தட்டைத் திருப்புறது உண்டு. நிச்சயத்தை முறிக்கிறோம்ல, அது மாதிரி. வந்தது அத்தனையும் திரும்பிப் போகணும். வீட்டுக்காரன் நேரா கொண்டு போய், அவுக வாசல்ல, நாலு பேர் பாக்கக் குடுக்கணும். ஆள் விட்டு அனுப்புறது செல்லாது. பொம்பளை கொண்டு போறதும் செல்லாது."

"குடுத்துட்டா?"

"பேச்சு பழையபடி தொறந்துரும். பெறகு மாயாண்டி சாட்சி சொன்னாலும் சரி, எவன் சொன்னாலும் சரி, கூட்டம் ஒண்ணும் கேக்காது."

ரூபாய் முடிச்சு அவிழ்க்காமல் இருக்கிறது. வேட்டி மடிப்புக் கலையவில்லை. தேங்காய்தான் குழம்பாகிவிட்டது. மூப்பர் சிரித்தார். "வேற தேங்கா வாங்கி வைங்கடா. கொழம்பைத் திருப்பியா குடுப்பீங்க."

இதெல்லாம் சரி. நான் எப்படிப் போவது?

க.பி. காதுக்குச் செய்தி அதற்குள் போய்விட்டது. சாயங்காலம் அந்த வழியாக வந்தவர் போல வந்து நின்றார். "தட்டைத் திருப்பப் போறியாமே? தாராளமா வா. புதன்கிழமை ஏலத்துக்கு வெளியூர் யாவாரியெல்லாம் வர்றாங்க. அம்புட்டுப் பேரும் பாக்கட்டும், வீரணன் காலு நல்லாத்தான் இருக்கு, நடந்து வந்துட்டான்னு."

புரிந்தது. நடந்து போனால் கால் சரியாகிவிட்டது. போகாவிட்டால் பேச்சு முடிந்துவிட்டது. எந்தப் பக்கம் திரும்பினாலும் அடைப்பு. என்ன மூளை அந்த ஆளுக்கு! அதை ஏதாவது நல்ல காரியத்துக்குச் செலவழித்திருக்கலாம்.

அவர் போனதும் வைராக்கியம். பேச்சி இல்லாத நேரம் பார்த்து உலக்கையை ஊன்றி எழுந்தேன். நின்றேன். ஒரு எட்டு வைத்தேன். அப்புறம் தரைதான். கட்டின் மாவு உடைந்து சிதறியது. கண் முன்னே மின்னல். பேச்சி வந்து பார்த்து வாயிலும் வயிற்றிலும் அடித்துக்கொண்டாள். வைத்தியர் வந்து புதுக் கட்டு போட்டார். "இன்னொரு தடவை எந்திரிச்சேன்னா நானே வெட்டிருவேன்" என்றார். முட்டை இரண்டு மடங்கு செலவு.

ஐப்பசி 11, செவ்வாய்

காலையில் வானம் வெளுத்திருந்தது. மலை அப்படியே தெரிந்தது, கழுவி வைத்த மாதிரி. பேச்சி கதவைச் சாத்தினாள்.

அவள் மூட்டை கட்டுகிறாள். ஒரு சட்டி, குழந்தைத் துணி, உப்பு, மிளகாய். கட்டுவாள், அவிழ்ப்பாள், திரும்பக் கட்டுவாள். நான் கூரையைப் பார்த்துக்கொண்டு கிடந்தேன். ஒரு மனுஷனைக் கட்டிலில் போட்டு வைத்துவிட்டு எதிரே இதைச் செய்வதற்குப் பதில் சாட்டையால் அடித்துவிடலாம்.

மாயாண்டி வந்தான்!

வாசலில் நின்றான். உள்ளே வரவில்லை. "என்னடா, வழி தெரிஞ்சிருச்சா?" என்றேன். இன்னும் நாலு வார்த்தை, எழுத முடியாத வார்த்தை. எல்லாம் கேட்டுக்கொண்டான். பிறகு உள்ளே வந்து, கட்டிலுக்குப் பக்கத்தில் குந்தி, வழக்கம் போலக் கட்டைத் தொட்டுப் பார்த்தான்.

"மாப்ளே, நீ நடக்கக் கூடாது."

"அதான் ஊருக்கே தெரியுமே."

"நடக்காம வா."

"எப்படிடா? பறந்தா?"

"மூட்டையா வா. நான் தூக்கிட்டுப் போறேன்."

எனக்குச் சிரிப்புத்தான் வந்தது. அவன் சிரிக்கவில்லை. "வண்டியில போனா, வண்டியில ஏறி எறங்கத் தெம்பு இருக்குன்னு சொல்லுவாரு. கட்டில்ல தூக்கிட்டுப் போனா, நாடகம்னுவாரு. முதுகுல வந்தா லோடு. லோடுன்னா அதுக்கு ஒரு முறை இருக்குல்ல."

அப்போதுதான் எனக்குப் பிடிபட்டது. இரண்டு பேரும் ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்த்துக்கொண்டோம்.

"அவங்க வாயால 'எறக்கு'ன்னு சொல்றவரைக்கும் நான் எறக்க மாட்டேன்," என்றான்.

"சொல்லலைன்னா?"

"நிப்பேன்."

"உன்னை வேலையை விட்டு நிறுத்திருவாங்கடா."

"மூப்பரைக் கேட்டுட்டுத்தான் வந்தேன். தட்டைத் திருப்பக் கூட மாட ஒத்தாசை செய்யிறது முறைதான்னுட்டாரு." எழுந்து போகும்போது, "நீ முன்னை விட இளைச்சிட்ட. நல்லதாப் போச்சு."

பேச்சி மூட்டையை அவிழ்க்கவில்லை. கட்டவும் இல்லை. பாதியில் விட்டுவிட்டு எதிர் வீட்டில் தேங்காய் கேட்கப் போனாள்.

ஐப்பசி 12, புதன்

விட்டு விட்டு எழுதுகிறேன்.

ஏல நாள். காலையிலேயே கிளம்பினோம். முதுகில் சாக்கு போட்டு அதன் மேல் என்னை ஏற்றினான். மூட்டைக்குப் போடுகிற நெற்றிப்பட்டை என் இடுப்பைச் சுற்றி வந்து அவன் நெற்றியில். கட்டுப் போட்ட கால் முன்னால் நீட்டிக்கொண்டு, வண்டி ஏர்க்கால் மாதிரி. என் இரண்டு கையிலும் எங்கள் வீட்டுத் தட்டு: வேட்டி துண்டு, தேங்காய், வெற்றிலை பாக்கு, ரூபாய் முடிச்சு. பேச்சி பின்னால் குழந்தையோடு. தெருவில் ஒருத்தரும் சிரிக்கவில்லை. சிரிப்பார்கள் என்றுதான் பயந்தேன்.

எத்தனை வருஷம் நான் மூட்டையைச் சுமந்தேன்! மூட்டைக்கு இப்படித்தான் இருக்குமா. அவன் மூச்சு எனக்குள் கேட்டது. என் கனம் எனக்கே வெட்கமாக இருந்தது.

மண்டி வாசல். உள்ளே விரிப்பில் வியாபாரிகள், விருதுநகர்ப் பக்கத்து ஆட்கள், காயைக் கையில் அள்ளி அள்ளி உருட்டிக்கொண்டு. வாசனை அடித்தது. பல்லைக் கடித்துக்கொண்டேன். மாயாண்டி நேரே தராசுக்கு முன்னால் போய் நின்றான், எப்போதும் நிற்கிற இடம்.

"லோடு வந்துருக்குங்கய்யா. எறக்கட்டுமா?"

க.பி. வாயைத் திறந்தார், மூடினார். காலையிலிருந்து மாலை வரைக்கும் அதே வார்த்தையைச் சொல்லுகிற வாய். "என்னடா கூத்து இது? வெளிய போ!"

"எறக்கச் சொன்னா எறக்கிட்டுப் போறேன்."

முதலாளி எழுந்து வந்தார். நான் தட்டை நீட்டினேன். சொன்னேன்:

"இது உங்க தட்டுல வந்த பொருள் மொதலாளி. அம்புட்டும் இருக்கு. தேங்கா மட்டும் வேற. என் சம்சாரம் அரிசி போட்டது மரியாதைக்கு. பேச்சை முடிக்கிறதுக்கு இல்லை. முந்தல்ல கயிறு பத்தலைன்னு என்னை மேல உக்கார வச்சாங்க. சவாரிக்கு நான் ஏறலை. உங்க மூட்டை விழாம இருக்கத்தான் ஏறினேன்."

"யாரு உக்காரச் சொன்னது?" என்றார் முதலாளி.

எனக்குக் கீழேயிருந்து மாயாண்டி சொன்னான், குனிந்த தலையோடு, தரையைப் பார்த்து: "கணக்குப்பிள்ளை ஐயாதான் மொதலாளி. எங்காதுல விழுந்துச்சு."

முதலாளி க.பி.யைப் பார்த்தார். க.பி. குடையைத் தேடினார், மழையே இல்லை.

தட்டை யாரும் வாங்கவில்லை. முதலாளி மீசையைத் தடவிக்கொண்டே நின்றார். அவருக்கும் தெரியும், சொன்னால் அந்த நிமிஷத்திலிருந்து லோடு மண்டிப் பொறுப்பு என்று. அவர் அப்பன் காலத்து வழக்கமும் அதுதானே. பின்னால் மூட்டையோடு வந்த ஆட்கள் வரிசையாக நின்றுவிட்டார்கள். "எறக்கு" என்று ஒருத்தனுக்குச் சொன்னால் முன்னால் நிற்கிறவனுக்கும் சேர்த்துத்தான். அதனால் க.பி. யாருக்கும் சொல்ல முடியவில்லை. தராசு சும்மா தொங்கியது. மூப்பர் வாசலில் வெற்றிலை இடித்துக்கொண்டிருந்தார், அந்தச் சத்தம் ஒன்றுதான்.

மாயாண்டியின் தொடை நடுங்க ஆரம்பித்தது. அவன் வேர்வை என் சட்டையெல்லாம். "விட்ருடா, எறக்கிரு" என்று காதில் சொன்னேன். "பேசாம இரு, மூட்டை பேசாது" என்றான்.

விருதுநகர் வியாபாரி ஒருத்தர் கையிலிருந்த காயைக் கொட்டிவிட்டு எழுந்தார். "என்னங்க இது, ஏலம் உண்டா இல்லையா? ஆள் விழுந்து செத்துருவான் போலருக்கே. ஒரு வார்த்தை சொல்லுங்களேன்."

முதலாளி க.பி. பக்கம் திரும்பவில்லை. என் முகத்தையும் பார்க்கவில்லை. நீட்டிக்கொண்டிருந்த காலைப் பார்த்தார். தட்டை இரண்டு கையாலும் வாங்கினார். அப்புறம் சொன்னார், மெதுவாக:

"எறக்கு."

மாயாண்டி இறக்கினான். ஏலக்காய்ச் சாக்குமேல் என்னை உட்கார வைத்துவிட்டு, பக்கத்திலேயே சரிந்து உட்கார்ந்து வாந்தி எடுத்தான். பின்னால் வரிசையில் நின்றவர்களெல்லாம் தட தடவென்று மூட்டையை இறக்கினார்கள். பேச்சி சுவர்ப்பக்கம் திரும்பி நின்று அழுதாள்.

சாயங்காலம் மூப்பரை வைத்துப் பேச்சு. முதலாளி இறங்கி வந்தார், ஆனால் முழுசாக இல்லை. சாக்குக்கு மார்க்கு போடுவது, தைப்பது, உட்கார்ந்த இடத்து வேலை, மண்டியில், எனக்கு, நிரந்தரமாக. கூலி பாதிக்குக் கொஞ்சம் மேலே. இன்னும் கேட்டிருக்கலாம் என்கிறான் மாயாண்டி. குமாஸ்தாவும் அப்படித்தான் சொல்லுவார். பெரியகுளத்து மனுவை விடவில்லை, அது தனி, அதற்குச் சாட்சி வருகிறேன் என்று மாயாண்டி எல்லார் முன்னாலும் சொல்லிவிட்டான். முதலாளி முகம் சுண்டிவிட்டது.

வாசனைக்கு என்ன செய்வது என்று தெரியவில்லை. மூக்கில் துணி கட்டிக்கொள்ள வேண்டியதுதான்.

ஐப்பசி 13, வியாழன்

திரும்பவும் தூறல். கால் குத்துகிறது. நேற்றைய ஆட்டத்துக்குக் கூலி.

மாயாண்டி முதுகு பிடித்துக்கொண்டு எங்கள் வீட்டுக் கட்டிலில் கிடக்கிறான். அவன் வீட்டில் பிள்ளைகள் மேலே ஏறி மிதிக்கிறார்களாம். நான் தரையில் சாக்கு விரித்து. முனகல் தாங்கவில்லை. "செத்த மாட்டைத் தூக்குன மாதிரி இருந்துச்சு" என்று காலையிலிருந்து சொல்லிக்கொண்டிருக்கிறான். இளைத்துவிட்டேன் என்றவன்.

தெருவில் மலைக்குப் போகிற கூட்டம் போயிற்று. சத்தம், குழந்தை அழுகை, கங்காணியின் அதட்டல். அதற்கு முன்னாலேயே பேச்சி கம்பளியை மடித்து எடுத்துக்கொண்டு கங்காணி வீட்டுக்குப் போய்விட்டு, திரும்பி வந்தாள். வெறும் கை. அடுப்பில் சட்டியை ஏற்றினாள். மூட்டைக்குள் கட்டி வைத்த அதே சட்டி.

"குடுத்துட்டியா?"

"குடுத்துட்டேன்."

"மேல அரிசி கிரிசி ஏதும் வச்சுக் குடுத்தியா?"

அகப்பையால் ஒரு போடு போட்டாள். நல்ல காலில்தான்.